ஆரோக்கியமேரி விலக்கிவைத்த சொல்

சென்ற மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை காலை ஒன்பது பத்துக்கு சவரிமுத்து தொலைபேசியில் அழைத்தார். "சார், அக்கா சீரியஸ்" என்றார். "எத்தனை மணிக்கு?" என்று கேட்டேன். "ஏழு இருவதுக்கு சார்" என்றார். இந்தப் பேச்சில் எங்கள் இருவருக்குமே விந்தையாக எதுவும் படவில்லை. எங்கள் பக்கத்தில் பிறந்து வளர்ந்த யாருக்கும் படாது.

அவருடைய அக்கா ஆரோக்கியமேரியை மயிலம் சாலையில் பலரும் அறிவார்கள். பிரெஞ்சு ராணுவத்தில் லாரி ஓட்டிய லூர்துசாமியின் மனைவி. பிரெஞ்சுப் பட்டாளத்துக்காரரைப் புதுச்சேரியிலும் அதைச் சுற்றியும் 'சொல்தா' என்பார்கள். அதனால் திண்டிவனத்தில் அவர் இருந்த வீடு கடைசிவரை சொல்தா வீடுதான். கணவரோடு, அப்போது பிரெஞ்சுப் படை முகாமிட்டிருந்த ஜெர்மனி, ரெயூனியன் தீவு, தெற்கு பிரான்ஸ் என்று இருபத்திரண்டு ஆண்டுகள் ராணுவக் குடியிருப்புகளில் இருந்துவிட்டு ஊர் திரும்பியவர். அத்தனை ஆண்டுகளிலும் லூர்துசாமி ஒரு சண்டையைக்கூடப் பார்த்ததில்லை. ஒரே மகன் பிலிப்பும் அதே ராணுவத்தில்தான் இருக்கிறான். இப்போது ஆப்பிரிக்காவில் ஜிபூத்தியில், மனைவியும் மகளுமாக.

"பிலிப்புக்கு நீங்களே ஒரு போன் போட்டுடுங்க சார்" என்றார் சவரிமுத்து. "சீரியஸ்னு மட்டும் சொல்லுங்க. மீதிய அவன் இங்க வந்து பாத்துக்கட்டும். ப்ளேன்ல தனியா அழுதுக்கினே வருவானா?"

சரி என்று சொல்லவும் இல்லை, முடியாது என்று சொல்லவும் இல்லை. போனை வைத்துவிட்டு அப்படியே உட்கார்ந்திருந்தேன். நாற்பது ஆண்டு செய்தி எழுதியவன். இரங்கல் செய்தி எழுதி எழுதிச் சலித்த கை. ஆனாலும் அந்த ஒரு அழைப்புக்கு எண்களை அழுத்த என்னால் உடனே முடியவில்லை. காரணம் சொல்ல வேண்டுமென்றால் எண்பதுகளுக்குப் போக வேண்டும்.

அப்போது நான் திண்டிவனத்தில் ஒரு நாளிதழின் நிருபர். தபால் தந்தி அலுவலகத்துக்கு அடுத்த அறை என் அலுவலகம். என்னிடம் ஒரு டேப் ரெக்கார்டர் இருந்தது. மேடைப் பேச்சுகளைப் பதிவு செய்வதற்காக வாங்கியது. ஆரோக்கியமேரியின் அம்மா சவரியம்மாளை அதுதான் என்னிடம் கொண்டுவந்தது. மல்லாட்டை, அதாவது நிலக்கடலை மண்டியில் தோல் உடைத்துப் பருப்பு பிரிக்கிற வேலை அவருக்கு. எழுதப் படிக்கத் தெரியாது. மகள் கல்யாணமாகி ஜெர்மனி போன பிறகு, கடிதத்துக்குப் பதிலாகக் கேசட்டில் பேசி அம்மாவுக்கு அனுப்பத் தொடங்கியிருந்தார். இரண்டு மாதத்துக்கு ஒருமுறை சவரியம்மாள் கேசட்டை முந்தானையில் முடிந்துகொண்டு வருவார். நான் போடுவேன். இருவரும் கேட்போம்.

ஆரோக்கியமேரியை நான் முதலில் அறிந்தது அந்தக் குரலாகத்தான். நான்கு மாடிக் கட்டடம், பதினாறு குடும்பங்கள். படிக்கட்டைக் கழுவ முறை வைத்து ஒட்டியிருக்கும் தாள். எதிர்வீட்டில் அல்ஜீரியாக்காரர் மனைவி, மேல்வீட்டில் ரெயூனியன் தீவுக்காரி. இவர் கருவாடு வறுத்த அன்று சாக்கடைக் குழாய் உடைந்துவிட்டது என்று கீழ்வீட்டுக்காரர் புகார் கொடுக்க, இரண்டு பேர் கருவிப் பெட்டியோடு வந்து வீடெல்லாம் முகர்ந்து பார்த்தார்களாம். குளிர்காலத்தில் கொடியில் போட்ட புடவை பலகைபோல விறைத்துவிடும், மடித்தால் ஒடிந்துவிடுமோ என்று பயமாக இருக்கும் என்று ஒரு கேசட்டில் சொன்னார்.

இன்னொன்றில் சொன்னது எனக்கு அப்படியே நினைவிருக்கிறது. "இவருக்கு என்னா வேலைன்னு கேட்டியேம்மா. ஓடாத லாரிய தெனம் கழுவறாரு. நேத்து கழுவனத இன்னைக்கும் கழுவறாரு. வருஷத்துல ரெண்டு தபா எல்லாரும் காட்டுக்குப் போயி சண்டை போடற மாதிரி பண்ணிட்டு வர்றாங்க. வந்ததும் மறுபடியும் லாரிய கழுவறாரு. சண்டை வராதுன்னு எல்லாருக்கும் தெரியுது. ஆனா வந்தா என்னா பண்றதுன்னு காத்துக்கினு இருக்கணும். அதுக்குத்தான் இத்தினி பேரு இங்க இருக்கறோம்."

சவரியம்மாள் டேப் ரெக்கார்டரைப் பார்த்துச் சீறினார். "சண்டையே இல்லன்னா அங்க எதுக்குடி குந்திக்கினு கெடக்கற? இங்க வந்து குந்து!"

"அம்மா, நீங்க பேசறது அவங்களுக்குக் கேக்காது. இது அவங்க பேசனது" என்றேன்.

"கேக்காட்டி போவுது. சொல்லிட்டேன் இல்ல?"

பதில் கேசட்டில் பேசும்போது தொண்டை கிழியக் கத்துவார். மெதுவாகப் பேசினாலே பதிவாகும் என்று எத்தனை முறை சொன்னாலும் கேட்கமாட்டார். "ஜெர்மனி தூரமாச்சே சார்" என்பார். தபால் அலுவலக வரிசையில் நிற்பவர்கள் எட்டிப் பார்ப்பார்கள்.

ஒரு ஐப்பசி மழையில் சவரியம்மாளுக்குக் காய்ச்சல் கண்டது. நான்காம் நாள் காலை இறந்துபோனார். சவரிமுத்து அப்போது இளைஞர். ஈரச் சட்டையோடு தபால் அலுவலகத்துக்கு வந்து என்னைத் தேடினார். ஆங்கிலத்தில் தந்தி எழுதித் தரும் ஆள் நான்தான். செய்திகளைத் தந்தியில் அனுப்பிப் பழகியவன். குறைந்த சொல்லில் எழுதுவதில் எனக்கு ஒரு கர்வம் இருந்தது.

"செத்துட்டாங்கன்னு போடாதீங்க சார். அக்கா ஒண்டியா கைக்கொழந்தைய வெச்சிக்கினு கெடக்குது" என்றார்.

அவர் சொல்ல வேண்டிய அவசியமே இல்லை. அப்படிப் போடுவது எங்கள் வழக்கம் இல்லை. வெளியூரில் இருப்பவருக்குச் சாவைச் சொல்வதில்லை. சீரியஸ் என்று சொல்வோம். அந்தச் சொல்லைக் கேட்டவருக்கும் விஷயம் தெரிந்துவிடும். ஆனால் வழியெல்லாம் ஒரு நூல் நம்பிக்கையைப் பிடித்துக்கொண்டு வந்து சேர்வார். 'மதர் சீரியஸ். ஸ்டார்ட் இமீடியட்லி' என்று எழுதினேன். தந்தி குமாஸ்தா படித்துவிட்டு, "பாவம், எப்ப எடுக்கறாங்க?" என்று சவரிமுத்துவிடம் கேட்டார். அவ்வளவு தெளிவான தந்தி அது. அதில் ஒரு பிழை இருக்கிறது என்று எனக்குப் பல ஆண்டுகள் தெரியாது.

ஆரோக்கியமேரி வரவில்லை. மறுநாளே அடக்கம் நடந்தது. முப்பதாம் நாள் பூசைக்கும் வரவில்லை. பட்டாளத்தில் விடுப்பு கிடைத்திருக்காது என்று பேசிக்கொண்டார்கள். அதற்குப் பிறகு கேசட்டும் வரவில்லை. வந்தாலும் கேட்க ஆள் இல்லை.

அவர் முகத்தை நான் நேரில் பார்த்தது, லூர்துசாமி ஓய்வு பெற்று இருவரும் ஊர் திரும்பிய பிறகுதான். சொல்தாக்கள் புதுச்சேரியில் வீடு வாங்குவார்கள். இவர்கள் திண்டிவனத்தில் வாங்கினார்கள். "எங்கம்மா கல்லறை இங்கதான் இருக்குது" என்று எல்லோரிடமும் காரணம் சொன்னார். குடிவந்த வாரமே என்னைத் தேடி வந்தார். உயரமான பெண். நரைத்த தலை. உட்காருங்கள் என்றதற்கு உட்காரவில்லை.

"தந்தி எழுதனது நீங்கதான?"

"ஆமாம்மா."

"ரிப்போட்டரு, உங்க எழுத்த நீங்களே வெச்சிக்குங்க" என்று கைப்பையிலிருந்து ஒரு மடித்த தாளை எடுத்து மேசைமேல் வைத்தார்.

அந்தத் தந்திதான். 'சீரியஸ்' என்ற சொல்லின் கீழே நீல மையில் ஒரு கோடு. பக்கத்தில் ஒரு கேள்விக்குறி.

அதன் கதையை அவர் அன்றும் பிறகு பலமுறையும் சொன்னார். கோபமில்லாமல், பழைய வலியை மருத்துவரிடம் சொல்வதுபோலச் சொல்வார். தந்தி வந்ததும் லூர்துசாமி அதை எடுத்துக்கொண்டு விடுப்பு தரும் அதிகாரியிடம் போயிருக்கிறார். பிரெஞ்சு மொழியிலும் ஏறக்குறைய அதே எழுத்துகளில் ஒரு சொல் உண்டு. ஒரு ஆளைப் பற்றிச் சொன்னால் ஒழுங்கானவர், பொறுப்பானவர் என்று பொருள். அதிகாரி படித்துப் பார்த்து, "உன் மாமியார் பொறுப்பானவங்கன்னு தந்தி அடிச்சிருக்காங்களா? நல்ல விஷயம்தான்" என்று சிரித்திருக்கிறார். அப்படியில்லை, உடம்பு சரியில்லை என்று லூர்துசாமி விளக்கியதும் சிரிப்பை நிறுத்திவிட்டார். நல்ல மனிதர்தானாம். என்ன நோய், எந்த மருத்துவமனை என்று கேட்டு அந்தச் சொல்லின் கீழே கோடு போட்டிருக்கிறார். தந்தியில் அது எதுவும் இல்லை. கடைசியில் அதிகாரி நேராகவே கேட்டார்: "இறந்துவிட்டாரா?"

"அப்ப 'ஆமா'ன்னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா அன்னிக்கே லீவு" என்றார் ஆரோக்கியமேரி. "என் வீட்டுக்காரருக்கும் தெரியும் செத்துட்டாங்கன்னு. எனக்கும் தெரியும். ஆனா தாள்ல இல்லாதத அதிகாரிகிட்ட எப்படி சொல்றது? பட்டாளத்துல பொய் சொல்லக் கூடாது இல்ல? 'இல்லீங்க, சீரியஸ்'னு சொல்லிட்டு வந்துட்டாரு."

காட்டுக்குள் நடக்கும் பயிற்சி தொடங்கவிருந்த வாரம் அது. சாவு என்றால் விதி இடம் கொடுக்கும், நோய் என்றால் பயிற்சி முடிந்த பிறகு பார்க்கலாம் என்று ஆகிவிட்டது. லூர்துசாமி லாரியை ஓட்டிக்கொண்டு போய்விட்டார். இவர் எட்டு மாதக் குழந்தையோடு வீட்டில் இருந்தார். மொழி சரியாக வராது. தனியாக ரயில் ஏறி, விமானம் ஏறித் திண்டிவனம் வரும் தைரியமும் இல்லை. அக்கா புறப்பட்டிருக்கும் என்று நம்பி சவரிமுத்து கடிதம் எழுதவே தாமதித்தார். தந்திக்கும் கடிதத்துக்கும் இடையே பத்தொன்பது நாள்.

"மொத நாளு செத்துட்டாங்கன்னுதான் அழுதேன். ரெண்டாம் நாளு அந்தத் தாள எடுத்துப் பாத்தேன். செத்துட்டாங்கன்னு அதுல இல்லியே. அப்ப இருக்கலாம் இல்ல? அன்னைக்கிலேருந்து புத்தி கெட்டுப் போச்சி ரிப்போட்டரு. கடைக்குப் போயி எங்கம்மாவுக்கு சத்து மாத்திர வாங்கனேன். தைலம் வாங்கனேன். ஒரு ஸ்வெட்டர் வேற. திண்டிவனத்துல ஸ்வெட்டர் போட்டுக்கினு யாரு திரியறா? எல்லாத்தையும் பொட்டியில வெச்சி, பொட்டிய கதவாண்ட வெச்சிக்கினு உக்காந்திருந்தேன். செத்தவளுக்கு மாத்திர வாங்கன பொம்பள நான் ஒருத்திதான் இருப்பேன்."

நான் மன்னிப்புக் கேட்டேன். "உங்கள குத்தம் சொல்லல. ஊரே அப்படித்தான் சொல்லுது" என்றார். பிறகுதான் உட்கார்ந்தார். காபி கொடுத்தேன். ஒரு வாய் குடித்துவிட்டு, "இது காபியா?" என்று கேட்டார். அன்றிலிருந்து பழகினோம்.

அவரோடு பழகுவது எளிதல்ல என்பதை அறிந்தவர்கள் அறிவார்கள். மின்சாரம் நின்றால் மின்வாரியத்துக்கு அவர் போடும் போன் தெருவுக்கே கேட்கும். மீன்காரரிடம் செவுளைத் தூக்கிக் காட்டச் சொல்லிவிட்டு வாங்காமல் போய்விடுவார். 'மதாம்' என்று கூப்பிடும் பிள்ளைகளை, "எவன்டா அவன், மதாம் கிதாம்னு?" என்று துரத்துவார். லூர்துசாமி இறந்த பிறகு வீட்டில் தனியாகத்தான் இருந்தார். ஜிபூத்திக்கு வந்துவிடச் சொல்லி பிலிப் எவ்வளவோ கேட்டான். "ஒம்போது வீடு மாறிட்டேன். இனிமே பொட்டி கட்ட என்னால முடியாது" என்று முடித்துவிட்டார். கூடத்தில் சோபாவுக்குப் பக்கத்தில் ஒரு பெரிய பெட்டி எப்போதும் நின்றது. அதைத் திறந்து நான் பார்த்ததில்லை.

அவர் வீட்டில் விலக்கிவைத்த சொல் ஒன்றே ஒன்றுதான். ஆட்டோ ஓட்டுகிற ஒருவர் தன் மாமனாரைப் பற்றி "சீரியஸா கெடக்கறாரு" என்று சொன்னதற்கு, "உசுரோட இருக்கறாரா, இல்லியா? அத சொல்லு மொதல்ல" என்று வண்டியை நிறுத்த வைத்தார்.

ஆறேழு வருடங்களுக்கு முன்பு அவர் தெருவில் தனபால் இறந்தார். தனபாலின் மகன் நம் ராணுவத்தில் பூட்டானில் பயிற்சிப் பணியில் இருந்தான். துக்க வீட்டில் நானும் இருந்தேன். பையனின் சித்தப்பா போனில், "அப்பா சீரியஸ்ப்பா, ஜல்தி கெளம்பி வா" என்று சொல்லிக்கொண்டிருந்தார். ஆரோக்கியமேரி எழுந்து போய் போனைக் கையிலிருந்து பிடுங்கினார்.

"தம்பி, நான் சொல்தா வூட்டு அக்கா பேசறேன். எங்கனா உக்காருப்பா. உக்காந்தியா? அப்பா செத்துட்டாருப்பா. விடியக்காலைல, தூக்கத்துல."

அவ்வளவுதான் சொன்னார். ஆனால் போனை வைக்கவில்லை. காதில் வைத்துக்கொண்டு நின்றார். ஐந்து நிமிடம் இருக்கும். ஒரு வார்த்தை பேசவில்லை. சுற்றியிருந்த பெண்கள், "கல்லு மனசுக்காரி" என்று முணுமுணுத்தார்கள். பிறகு மறுமுனையில் அவன் ஏதோ சொல்லியிருக்க வேண்டும். "ஆமாப்பா. பத்தரமா வா" என்று சொல்லிவிட்டு போனைச் சித்தப்பாவிடம் கொடுத்தார்.

ஏன் பேசாமல் நின்றீர்கள் என்று திரும்பும்போது கேட்டேன். "சொல்லிட்டு வெச்சிடக் கூடாது. ஆறுதலும் சொல்லக் கூடாது. அவன் வாயத் தொறக்கற வரைக்கும் நாம சும்மா கூட இருக்கணும். அந்தப் பத்தொம்போது நாளும் என் கூட யாரு இருந்தா? அந்தத் தாளுதான் இருந்துச்சி" என்றார்.

காரியம் முடிந்து கிளம்பும் முன் அந்தப் பையன் அவர் வீட்டுக்கு வந்தான். "ரயில்ல வர்றப்பவே அழுது முடிச்சிட்டேன்க்கா. இங்க வந்ததும் அம்மாவ பாத்துக்க முடிஞ்சிது" என்றானாம். அதன்பிறகு வெளியூரில், வெளிநாட்டில் பிள்ளைகள் இருக்கிற வீடுகளிலிருந்து அவரைக் கூப்பிட ஆரம்பித்தார்கள். எரிச்சலோடுதான் போவார். "நல்ல சேதிக்கு ஒருத்தரும் கூப்பிட மாட்டேங்கறாங்க, பேஜாரு" என்பார். போகாமல் இருந்ததில்லை.

சிறுநீரகம் கெட்டு விழுப்புரத்தில் மருத்துவமனையில் எட்டு நாள் இருந்தார். ஐந்தாம் நாள் போய்ப் பார்த்தேன். முகம் வீங்கியிருந்தது. குரல் மட்டும் குறையவில்லை.

"ரிப்போட்டரு, பிலிப்புக்கு யாரு போன் பண்ணுவா?"

"உடம்பு தேறி நீங்களே பண்ணுவீங்க."

"கேட்டதுக்கு பதில் சொல்லுங்க."

"நான் பண்றேன்."

"என்னான்னு சொல்லுவீங்க? சொல்லிக் காட்டுங்க பாப்போம்."

அதெல்லாம் இப்போது எதற்கு என்று ஏதோ சொன்னேன். அவர் பக்கத்தில் ஊசி மருந்து ஏற்றிக்கொண்டிருந்த நர்ஸைப் பார்த்தார். "பாத்தியாம்மா, நாப்பது வருஷம் சேதி எழுதனவரு. ஒரு வரி வரல." நர்ஸ் சிரித்துவிட்டாள். அவர் சிரிக்கவில்லை. என் கையைப் பிடித்து, "எம்புள்ளய கதவாண்ட பொட்டி வெச்சிக்கினு உக்கார வெச்சிடாதீங்க" என்றார். சரி என்றேன்.

அந்தச் செவ்வாய்க்கிழமை நான் போனைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது இதனால்தான். சவரிமுத்து சொன்னதில் அன்பு இல்லாமல் இல்லை. விமானத்தில் தனியாக அழுதுகொண்டு வரும் பிள்ளையை என்னாலும் கற்பனை செய்ய முடிந்தது. அவனுக்கு இன்னும் ஒரு நாள் அம்மா இருக்கட்டுமே என்று தோன்றியது. நாற்பது வருடங்களுக்கு முன்பும் இப்படித்தான் தோன்றியது.

ஒன்பதரைக்கு அழைத்தேன். ஜிபூத்தியில் காலை ஏழு மணி. வெயிலுக்கு முன்பே வேலை தொடங்கிவிடும் ஊர். உற்சாகமான குரலில் எடுத்தான். "மாமா! என்னா காலைலயே? அம்மா வம்பு பண்றாங்களா ஆஸ்பத்திரில?"

பின்னால் தண்ணீர் பீய்ச்சும் சத்தம் கேட்டது. யாரோ வண்டி கழுவிக்கொண்டிருந்தார்கள்.

"பிலிப், எங்கனா உக்காருப்பா" என்றேன்.

தண்ணீர்ச் சத்தம் தூரமாகியது. ஒரு கதவு சாத்தும் ஓசை. பிறகு அவன் மெதுவாகச் சொன்னான். "உக்காருன்னா என்னான்னு எனக்குத் தெரியும் மாமா. அம்மா எல்லாருக்கும் சொல்றதுதான?"

ஒரு சொல்லை விலக்கினால் இன்னொரு சொல் வந்து அதன் இடத்தில் உட்கார்ந்துகொள்கிறது. அவனுக்குத் தெரிந்துவிட்டது. தெரிந்துவிட்டதே, இனி வாயால் வேறு சொல்ல வேண்டுமா என்று ஒரு கணம் நின்றேன்.

"சொல்லிடுங்க மாமா" என்றான். "நீங்க சொன்னாதான் நான் போயி ஆபீசர்கிட்ட சொல்ல முடியும்."

"அம்மா செத்துட்டாங்கப்பா. இன்னிக்கு காலைல, ஏழு இருவதுக்கு."

பிறகு நான் பேசவில்லை. வைக்கவும் இல்லை. காதில் அவன் மூச்சு கேட்டது. அந்த அறையின் மின்விசிறி கேட்டது. வெளியே எங்கோ யாரோ அவன் பெயரைக் கூப்பிட்டார்கள். ஆறுதலாகச் சொல்வதற்கு எத்தனையோ வரிகள் வாய்வரை வந்தன. எல்லாம் நான் செய்திகளில் எழுதியவை. ஒன்றையும் சொல்லாமல் உட்கார்ந்திருந்தேன். வெகுநேரம் கழித்து, "சரி மாமா. கெளம்பறேன்" என்றான்.

மறுநாள் மாலை வந்து சேர்ந்தான். அதுவரை அடக்கத்தை நிறுத்தி வைத்திருந்தோம். சவரிமுத்து என்மேல் கோபமாக இருந்தார். தெருமுனையில் உறவினர்கள் கட்டிய பேனரில் 'இறைவனடி சேர்ந்தார்' என்று இருந்தது. ஆரோக்கியமேரி பார்த்திருந்தால் அந்த வரியை அழிக்க ஏணி போட்டு ஏறியிருப்பார். பிலிப் கல்லறைத் தோட்டத்தில் முதல் மண்ணைப் போட்டான். சவரியம்மாள் கல்லறைக்குப் பக்கத்திலேயே இடம் கிடைத்திருந்தது. திரும்பும் வழியில் என் பக்கத்தில் நடந்து வந்து, "நீங்க போன வெக்கவே இல்லியே மாமா" என்றான். "உங்கம்மா வெக்கக் கூடாதுன்னாங்க" என்றேன். சவரிமுத்து முன்னால் போய்க்கொண்டிருந்தார். கேட்டிருக்க வேண்டும். திரும்பி வந்து மருமகனின் தோளில் கை போட்டுக்கொண்டார்.

வீட்டுக்குப் போனதும் பிலிப் சோபா பக்கத்துப் பெட்டியைத் திறந்தான். பழைய புடவைகள், பிரெஞ்சு மொழியில் சில தாள்கள், அடியில் ஒரு பழுப்பு நிற ஸ்வெட்டர். சவரியம்மாளின் அளவு. கடையின் விலைச் சீட்டுகூடப் பிய்க்காமல் இருந்தது. "இது யாருக்கு மாமா வாங்கனது?" என்று கேட்டான். சொன்னேன். அதை மடித்து, தான் கொண்டுவந்த பைக்குள் வைத்துக்கொண்டான்.

என்னிடம் அந்தத் தந்தி இருக்கிறது. பிலிப்புக்குத் தரலாமா என்று யோசித்தேன். தரவில்லை. அதை எழுதியவன் நான். 'சீரியஸ்' என்ற சொல்லுக்குப் பக்கத்தில் ஒரு நல்ல மனிதர் போட்ட கேள்விக்குறி இன்னும் மங்காமல் இருக்கிறது. அது என்னைக் கேட்ட கேள்வி.